வாசகர் கேள்வி–பதில்: 120 சுருள் பட்டியலும் ஆறு வரிப் பாட்டும்

சென்ற இதழில் ஒரு வாசகருக்குப் பதில் சொல்லும்போது, "பெரிய நூல் பெருந்தீங்கு" என்று சொன்ன கல்லிமாக்கஸ் என்ற பழைய கிரேக்கக் கவிஞரைக் குறிப்பிட்டிருந்தேன். அதற்குப் பிறகு திருகோணமலை மாவட்டத்தின் எல்லாப் பக்கத்திலிருந்தும் அவரைப் பற்றியே கடிதம் வருகிறது. எனக்குப் பெரிய சந்தோசம். நூலகத்தில் பட்டியல் எழுதி வாழ்ந்தவன் நான். பட்டியலும் எழுதிப் பாட்டும் எழுதிய ஒருவரைப் பற்றிக் கதைக்கக் கிடைப்பது அடிக்கடி நடக்கிற காரியமல்ல. ஆகவே இந்த மாதம் முழுவதும் அவர்தான்.

கேள்வி: "பெரிய நூல் பெருந்தீங்கு" என்றால், முகநூலில் நாலு வரிக் கவிதை போடுகிற நான் சரியான வழியில் போகிறேன் என்றுதானே அர்த்தம்? அப்படிப் பார்த்தால் பத்தாயிரம் பாட்டுப் பாடிய கம்பன் பிழையா? — வாசகர், கிண்ணியா

அந்த ஒரு வரியை வைத்து இரண்டையும் தீர்மானிக்க முடியாது, தம்பி. கல்லிமாக்கஸ் வாழ்ந்தது ஏறத்தாழ கி.மு. 310 முதல் 240 வரை. இந்த வாசகத்தைக் காப்பாற்றித் தந்தவர் அதினேயஸ் என்ற எழுத்தாளர். அவர் காலம் கி.பி. 200ஐ ஒட்டியது. "இலக்கண அறிஞர் கல்லிமாக்கஸ் இப்படிச் சொல்வதுண்டு" என்று போகிற போக்கில் எழுதி வைத்தார். எந்த இடத்தில், யாரைப் பார்த்துச் சொன்னது என்று அதில் இல்லை. கையில் பிடித்து விரிக்க முடியாத பருத்த பப்பைரஸ் (நாணல்தாள்) சுருளைத்தான் திட்டினார் என்று சொல்லும் அறிஞர்களும் இருக்கிறார்கள்.

அவர் மனத்தில் என்ன இருந்தது என்பதை அறிய 'ஏற்றியா' என்ற அவருடைய பெரிய நூலின் முன்னுரைப் பாட்டுக்குப் போக வேண்டும். அது வயது போன காலத்தில் எழுதியது. தன்னைக் குறை சொல்கிறவர்களை அதில் 'தெல்கினர்' என்கிறார். தெல்கினர் என்போர் கிரேக்கப் பழங்கதையில் வரும் பொறாமை பிடித்த சூனியக்காரக் கொல்லர்கள். அவர்களுடைய முறைப்பாடு இதுதான்: அரசர்களையும் வீரர்களையும் பற்றி ஆயிரமாயிரம் அடிகளில் தொடர்ச்சியாக ஒரே காவியம் இவன் பாடவில்லை, சின்னப் பிள்ளைபோல் துண்டு துண்டாகச் சொல்லிக்கொண்டிருக்கிறான். கவிஞரின் மறுமொழி சுடச்சுட வருகிறது. பாட்டைக் கலையால் அளவிடுங்கள், பாரசீகரின் நிலம் அளக்கும் கயிற்றால் அளக்காதீர்கள். பெருமுழக்கம் என்னிடம் எதிர்பார்க்க வேண்டாம். இடி முழக்குவது தேவர்களின் அரசன் சியூஸின் வேலை, என் வேலையல்ல.

பிறகு தன் இளமையைச் சொல்கிறார். முதன்முதலில் எழுதுபலகையை மடியில் வைத்தபோது அப்பலோ தெய்வம் சொன்னதாம்: "பாவலனே, பலி கொடுக்கும் ஆட்டை எவ்வளவு கொழுக்க வைக்க முடியுமோ அவ்வளவு கொழுக்க வை. உன் கலைமகளை மட்டும் மெலிவாக வைத்திரு. வண்டிகள் ஓடாத வழியில் போ, அது ஒடுங்கலாக இருந்தாலும் பரவாயில்லை." அதன் பின்பு சில்வண்டையும் கழுதையையும் எதிரெதிரே நிறுத்துகிறார். கழுதைபோல் கத்துகிறவர்கள் கத்தட்டும், நான் பனித்துளியை உண்டு பாடுகிற சில்வண்டாக இருக்கிறேன் என்கிறார். சொன்ன கையோடு குரல் மாறுகிறது. சில்வண்டு தோலைக் கழற்றுவதுபோல் இந்த முதுமையை நானும் கழற்ற முடிந்தால் நல்லது, சிசிலித் தீவு என்கெலதஸ் என்ற அரக்கன்மேல் அழுந்திக் கிடப்பதுபோல் அது என்மேல் கிடக்கிறது என்று வருகிறது. இலக்கியச் சண்டையின் நடுவில் கிழவருடைய மூட்டுவலி. எனக்கு இந்த இடத்தில்தான் அவர்மேல் உண்மையான அன்பு பிறந்தது.

அப்பலோவுக்குப் பாடிய துதியின் முடிவிலும் இதே கருத்துத்தான். அசீரிய ஆறு பெரியது, ஆனால் அழுக்கையும் குப்பையையும் சுமந்து வருகிறது. தேனீக்கள் தெமீற்றர் தெய்வத்துக்குக் கொண்டுபோவது புனித ஊற்றில் கசியும் சிறு துளியைத்தான் என்கிறது அந்தப் பாட்டு. மாரியில் மகாவலி கொட்டியாரக் குடாவில் வந்து விழும் நிறத்தைப் பார்த்த கிண்ணியாக்காரருக்கு இதற்குமேல் விளக்கம் தேவைப்படாது.

ஆனால் கவனியுங்கள். ஏற்றியா நான்கு புத்தகம், பல ஆயிரம் அடிகள். அவர் எழுதியவை எண்ணூறுக்கும் மேல் என்று பிற்காலத்துக் கிரேக்க அகராதி ஒன்று கணக்குச் சொல்கிறது. ஆகவே நீளத்தோடு அவருக்குப் பகையில்லை. நீளத்தைக் காட்டி மதிப்புக் கேட்பதோடுதான் பகை. கம்பனை அவர் படித்திருந்தால் விருத்தம் விருத்தமாக நிறுத்திப் பார்த்திருப்பார், பார்த்த பிறகு தெல்கினரோடு சேர்த்திருக்க மாட்டார். ஹோமரின் சொல்லைத் தன் பாட்டில் மணி மணியாகப் பொறுக்கி வைத்தவர் அவர். ஹோமரைப்போல் எழுதப் பார்த்து ஹோமர் விட்ட மிச்சத்தை நீட்டியவர்களைத்தான் வெறுத்தார். உங்கள் கவிதைக்கு வருகிறேன். நாலு வரி என்பதாலேயே ஒரு பாட்டு மெலிவாகிவிடாது. அனுப்பிய ஐந்தில் மூன்றில் 'மௌனம்', 'வலி', 'இரவு' மூன்றும் சேர்ந்தே வருகின்றன. அது வண்டி ஓடி ஓடித் தேய்ந்த வழி. படகுத்துறைப் பாட்டில் வலையிலிருந்து மீனைக் கழற்றும் விரலைச் சொன்னீர்களே, அந்த ஒன்று வேறு வழி. அதில் போங்கள்.

கேள்வி: அவருடைய பாட்டு ஒன்றையாவது தமிழில் தருவீர்களா? உயர்தர வகுப்புப் பிள்ளைகளுக்கு வாசித்துக் காட்ட வேண்டும். — ஆசிரியை, உவர்மலை

தருகிறேன், ரீச்சர். ஹலிகார்னாசஸ் ஊரைச் சேர்ந்த ஹெராக்ளிட்டஸ் என்ற நண்பர் இறந்த செய்தி கேட்டுப் பாடியது. தத்துவஞானி ஹெராக்ளிட்டஸ் வேறு, இவர் கவிஞர். மூலத்தில் ஆறு அடிகள்.

யாரோ சொன்னார், ஹெராக்ளிட்டஸ், நீ இறந்தாய் என்று.
கண்ணீர் முட்டியது. எத்தனை தடவை
கதைத்துக் கதைத்தே சூரியனை நாமிருவரும் சாயவைத்தோம்
என்று நினைத்துக்கொண்டேன். ஹலிகார்னாசஸ் நண்பா,
நீயோ எங்கோ, எப்போதோ சாம்பலாகிவிட்டாய்.
உன் இராக்குயில்கள் இருக்கின்றன. எல்லாவற்றையும் பறிக்கும் யமன் அவற்றில் கைவைக்க மாட்டான்.

பிள்ளைகளுக்கு ஒரு விசயத்தை மட்டும் காட்டுங்கள். முதல் அடியில் செய்தி இப்போதுதான் வருகிறது. ஐந்தாம் அடியில் நண்பன் எப்போதோ சாம்பலாகிவிட்டான். அதாவது இவ்வளவு காலமும் அவன் உயிரோடு இருக்கிறான் என்று நினைத்துக்கொண்டே இவர் இருந்திருக்கிறார். செய்தி சொன்னவர்கூட ஒரு 'யாரோ'. அவ்வளவு தூரம் இருவருக்கும் இடையில். துக்கத்தைப் பற்றி ஒரு அடைமொழி கிடையாது, பிந்திய செய்தி என்ற ஒன்றே வேலையைச் செய்கிறது. போர்க்காலத்தில் மரணச் செய்தி மாதக்கணக்கில் பிந்திக் கிடைத்த எங்கள் ஊர் வீடுகளில் இந்த ஐந்தாம் அடியை எவரும் உடனே பிடித்துக்கொள்வார்கள்.

இராக்குயில்கள் என்பது நண்பருடைய கவிதைகள். யமன் கைவைக்க மாட்டான் என்று கல்லிமாக்கஸ் உறுதி சொன்னார். இன்று அந்த ஹெராக்ளிட்டஸின் கவிதைகளில் எங்களுக்குக் கிடைப்பது ஒன்றே ஒன்றுதான். கிளறிய மண் இன்னும் ஆறாத ஒரு கல்லறை, கல்லில் பாதி வாடிய மாலை. அதில் எழுதியிருப்பதை வழிப்போக்கன் வாசிக்கிறான். புதைக்கப்பட்டவள் அரெத்தேமியாஸ் என்ற பெண், இரட்டைப் பிள்ளை பெற்று இறந்தவள். "ஒன்றைக் கணவனுடைய முதுமைக்குத் துணையாக விட்டுவிட்டேன், மற்றதை அவன் நினைவாக என்னோடு கொண்டுபோகிறேன்" என்கிறாள். இந்த ஒரு பாட்டைப் படித்த பிறகு கல்லிமாக்கஸ் ஏன் அப்படி அழுதார் என்று எனக்குத் தெரிந்தது. இரண்டையும் ஒரே பாடத்தில் சேர்த்து நடத்துங்கள், ரீச்சர்.

கேள்வி: நூலகக் கல்வி படிக்கிறேன். விரிவுரையில் 'பினாக்கெஸ்' என்று ஒரு வரி சொல்லிவிட்டுக் கடந்துவிட்டார்கள். அது என்ன, எப்படி இருந்தது? கல்லிமாக்கஸ் தலைமை நூலகராக இருந்தவரா? — மாணவி, சாம்பல்தீவு

மகள், ஒரு வரியில் கடக்கக்கூடிய விசயமல்ல அது. அலெக்சாந்திரியா நூலகத்தில் தொலமி அரசர்கள் வாங்கியும் பிரதி எடுத்தும் சேர்த்த சுருள்கள் மலையாகக் குவிந்தன. அந்தக் குவியலிலிருந்து, கிரேக்க மொழியில் யார் யார் என்னென்ன எழுதினார்கள் என்று கல்லிமாக்கஸ் தொகுத்த பட்டியல்தான் பினாக்கெஸ். அதுவே 120 சுருள். முதலில் துறை பிரித்தார்: காவியம், இசைப்பாட்டு, துன்பியல் நாடகம், இன்பியல் நாடகம், தத்துவம், வரலாறு, பேச்சுக்கலை, மருத்துவம், சட்டம் என்று. எதிலும் அடங்காதவைக்குப் 'பலவகை' என்று ஒரு துறை. ஒவ்வொரு துறைக்குள்ளும் எழுதியவரின் பெயர், தகப்பன் பெயர், ஊர், அவருக்குக் கற்பித்த குரு யார் என்ற விபரம். அதன் கீழே நூல்கள். ஒவ்வொரு நூலுக்கும் முதல் அடி, மொத்தம் எத்தனை அடி என்ற கணக்கு.

ஏன் முதல் அடி? பல சுருள்களுக்குத் தலைப்பே கிடையாது, தலைப்பு இருந்தாலும் ஒரே தலைப்பில் பத்துப்பேர் எழுதியிருப்பார்கள். முதல் அடி ஏமாற்றாது. நீங்கள் தமிழ்ப்பிள்ளை, உங்களுக்கு இது புதிதாக இருக்கக் கூடாது. சம்பந்தர் எங்கள் கோணேசர்மேல் பாடிய பதிகத்துக்கு என்ன தலைப்பு? 'நிரைகழல் அரவம்' என்ற தொடக்கம்தான். சங்கப் பாட்டுப் பதிப்புகளின் பின்னால் 'பாட்டு முதற்குறிப்பு அகராதி' என்று ஒன்று இருக்கும், புரட்டிப் பாருங்கள். நான் வேலையில் இருந்தபோது நூலின் பெயரும் தெரியாது, ஆசிரியர் பெயரும் தெரியாது, 'உலகம் யாவையும் எண்டு தொடங்கும் தம்பி' என்று கேட்டு வருகிற முதியவர்கள் இருந்தார்கள். அவர்களுக்கு ஐந்து நிமிசத்தில் புத்தகம் கிடைத்துவிடும். பெயரை அரைகுறையாகச் சொன்னவர்கள்தான் மத்தியானம் மட்டும் நிற்பார்கள்.

ஏன் அடிக்கணக்கு? பிரதி முழுமையாக இருக்கிறதா, இடையில் ஏதும் விழுந்துவிட்டதா என்று பார்க்க உதவும். எண்ணிப் பார்த்தால் தெரியும்.

அந்தப் பலவகைத் துறையில் பணியாரம் சுடுவது பற்றி எழுதியவர்கள்கூடத் தனியாகப் பதிவாகியிருந்தார்கள். ஏகிமஸ், ஹெகேசிப்பஸ், மெத்ரோபியஸ், ஃபைஸ்தஸ் என்று நாலு பெயரை அதினேயஸ் அங்கிருந்து எடுத்துத் தருகிறார். மேலே ஹோமரைப் பதிந்த கைதான் இங்கே பணியாரக்காரரையும் பதிந்தது. நூலகர் வேலைக்கு வரப்போகிற உங்களுக்கு நான் இதைத்தான் முதலில் சொல்லுவேன். 894.811 என்ற எண்ணின் கீழ்த் தமிழ் இலக்கியத்தை அடுக்குகிற அதே அக்கறையோடு சமையல் புத்தகத்தையும் தையல் புத்தகத்தையும் அடுக்க வேண்டும். நாங்கள் 12.5க்கு 7.5 சென்ரிமீற்றர் அட்டையில் எழுதினோம், அட்டையின் அடியில் ஒரு துளை, அதற்குள்ளால் இழுப்பறைக் கம்பி போகும். நீங்கள் கணினியில் எழுதுவீர்கள். பெயர், ஊர், தொடக்கம், அளவு என்ற அந்த எலும்புக்கூடு அவர் போட்டதுதான்.

தலைமை நூலகர் பதவியில் அவர் இருக்கவில்லை என்றே கொள்ள வேண்டும். எகிப்தில் ஒக்சிரிங்கஸ் என்ற இடத்தில் கிடைத்த பப்பைரஸ் ஒன்றில் நூலகத் தலைவர்களின் வரிசை இருக்கிறது. அப்பலோனியஸ், எரதொஸ்தனிஸ் என்று போகிறது. இவர் பெயர் இல்லை. பதவி கிடைக்காமல் இவ்வளவு வேலை செய்தவர்.

பினாக்கெஸும் இன்று இல்லை. மற்றவர்கள் எடுத்துக்காட்டிய துண்டுகள்தான் மிச்சம். ஆனால் அந்தத் துண்டுகளால்தான் எந்தெந்த நூல் தொலைந்தது என்பதையே ஓரளவு சொல்ல முடிகிறது. 1981இல் யாழ்ப்பாணப் பொதுநூலகத்தில் சுமார் 97,000 நூல்கள் எரிந்தன. அதற்குப் பிறகு இந்த நாட்டுத் தமிழ் நூலகர் எவரும் பட்டியலை வெறும் அலுவலகப் பத்திரமாக நினைத்ததில்லை. இருந்தது எது என்று எழுதி வைக்காவிட்டால், போனது எது என்று கேட்கவே முடியாது.

கேள்வி: தொலமி என்பது இலங்கைப் படம் வரைந்த தொலமிதானே? — வாசகர், சீனன்குடா

இல்லை. கல்லிமாக்கஸ் வேலை செய்தது இரண்டாம், மூன்றாம் தொலமி என்ற எகிப்திய அரசர்களின் கீழ், கி.மு. மூன்றாம் நூற்றாண்டில். தப்ரபேன் என்று எங்கள் தீவைப் பதிந்த புவியியலாளர் தொலமி கி.பி. இரண்டாம் நூற்றாண்டு. ஊர் ஒன்று, அலெக்சாந்திரியா. இடையில் ஏறத்தாழ நானூறு வருடம்.

கேள்வி: 'ஏற்றியா' என்பது எங்கள் தலபுராணம் மாதிரியா? — வாசகர், தம்பலகாமம்

நல்ல கேள்வி. தம்பலகாமத்திலிருந்துதான் இது வரவேண்டும். மலையில் இருந்த கோணேசர் ஏன் வயலுக்கு நடுவில் உங்கள் ஊரில் ஆதி கோணநாயகராக இருக்கிறார் என்று சின்னப் பிள்ளை கேட்டால், போர்த்துக்கேயர் கோயிலை இடித்ததையும் விக்கிரகங்களைக் காப்பாற்றிக் கொண்டுவந்ததையும் சொல்வீர்கள். கன்னியாவில் ஏன் ஏழு வெந்நீர்க் கிணறு என்றால் இராவணன் தாய்க்குச் செய்த கடனைச் சொல்வோம். பாறை ஏன் பிளந்திருக்கிறது என்றால் இராவணன் வெட்டு. இப்படி 'ஏன்' என்று தொடங்கும் கதைகளை கிரேக்க உலகம் முழுவதிலுமிருந்து பொறுக்கிக் கோத்ததுதான் ஏற்றியா. கவிஞர் கனவில் கலைமகள்மாரைச் சந்தித்து ஒவ்வொன்றாகக் கேட்கிறார், அவர்கள் பதில் சொல்கிறார்கள்.

பாரோஸ் தீவில் அழகுத் தேவியருக்குப் பலி கொடுக்கும்போது ஏன் குழலும் இல்லை, மாலையும் இல்லை? மினோஸ் அரசன் அங்கே பலி கொடுத்துக்கொண்டிருந்த வேளை மகன் இறந்த செய்தி வந்தது. மாலையைக் கழற்றினான், குழலை நிறுத்தினான், பூசையை மட்டும் முடித்தான். அன்று தொட்டு அப்படியே. லிந்தோஸ் ஊரில் ஹெராக்ளிசுக்குப் பலி கொடுக்கும்போது ஏன் வசைபாடுகிறார்கள்? அவன் ஓர் உழவனுடைய மாட்டை அடித்துத் தின்றான், உழவன் நின்று திட்டினான், இவன் தின்றுகொண்டே இருந்தான்.

ஆனால் தலபுராணத்தோடு ஒரு பெரிய வேறுபாடு. தலபுராணம் தன் தலத்தை உயர்த்தப் பாடப்படுவது. இவர் எந்தத் தலத்துக்கும் கட்டுப்பட்டவரல்ல, வழக்கங்களின்மேல் ஆசைப்பட்டவர். "சாட்சி இல்லாத எதையும் நான் பாடுவதில்லை" என்றும் அவருடைய அடி ஒன்று இருக்கிறது. அதை உண்மையாகவே கடைப்பிடித்தார். அகொந்தியஸ், கிதிப்பே காதல் கதையைப் பாருங்கள். கெயோஸ் தீவுப் பையன் அகொந்தியஸ், தேலோஸ் தீவுத் திருவிழாவில் கிதிப்பேயைக் காண்கிறான். ஓர் அப்பிள் பழத்தில் 'ஆர்ட்டெமிஸ் மேல் ஆணை, நான் அகொந்தியசைத்தான் மணப்பேன்' என்று கீறி உருட்டிவிடுகிறான். பழையகாலத்தில் வாய்விட்டுத்தான் வாசிப்பார்கள். அவள் எடுத்து வாசிக்கிறாள், ஆர்ட்டெமிஸ் கோயிலில் வைத்து. வாசித்ததே சத்தியமாகிவிட்டது. தகப்பன் வேறு மாப்பிள்ளை பார்க்கிறார். ஒவ்வொரு தடவை கலியாணம் நெருங்கும்போதும் அவள் நோயில் விழுகிறாள். மூன்று தடவை. பிறகு தகப்பன் அப்பலோவிடம் குறி கேட்டு விசயத்தை அறிந்து அகொந்தியசுக்கே கட்டிக் கொடுக்கிறார்.

இந்தக் கதையில் இரண்டு இடத்தைப் பிடித்துக்கொள்ளுங்கள். கலியாண வழக்கம் ஒன்றைச் சொல்லவந்து, ஹேரா தெய்வத்தைப் பற்றிய ஒரு இரகசியத்தின் வாசலுக்கே போய்விடுகிறார். சட்டென்று தன்னையே அதட்டுகிறார்: "நாயே, நிறுத்து, வெட்கம் கெட்ட மனமே!" நாவை அடக்கத் தெரியாதவனுக்கு நிறைய அறிந்திருப்பது பெரிய கேடு என்றும் சொல்கிறார். 120 சுருள் தொகுத்த மனிதர் சொல்லும் சொல் இது. தெரிந்ததெல்லாம் பாட்டுக்குள் வரத் துடிக்கிறது, அவர் கதவைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார். அவருடைய மெலிவு இங்கேதான் பிறக்கிறது என்று நான் நம்புகிறேன். தெரியாதவன் சுருக்கமாக எழுதுவதில் அருமை இல்லை.

இரண்டாவது இடம் கதையின் முடிவு. காதலர் சேர்ந்துவிட்டார்கள். அதற்குப் பிறகு கவிஞர், இந்தக் கதையை நான் பழைய செனோமெதிசின் ஏட்டில் கண்டேன், தீவு முழுவதன் வரலாற்றையும் எழுதிய அந்தக் கிழவர் மெய்யில் அக்கறை உள்ளவர் என்று பாட்டுக்குள்ளேயே ஆதாரம் தருகிறார். அந்த ஏட்டில் வேறென்ன இருக்கிறது என்றும் சுருக்கிச் சொல்கிறார். பட்டியல்காரர் பாட்டுக்குள் தலைநீட்டுகிற இடம் இது. சிலருக்கு இது இனிப்பின்மேல் உப்புத் தூவியதுபோல் இருக்கிறதாம். எனக்கு அந்த முடிவு இல்லாமல் கதையே நிறைவதில்லை.

கேள்வி: அப்பலோனியஸ் இவருடைய மாணவர் என்றும், குருவும் சீடனும் சண்டைபிடித்து மாணவர் ஊரைவிட்டே போனார் என்றும் படித்தேன். — வாசகர், மூதூர்

பரவலான கதைதான், சேர். ஆனால் நெடுங்காலத்துக்குப் பின் எழுதப்பட்ட வாழ்க்கைக் குறிப்புகளில்தான் அதன் வேர் இருக்கிறது. தெல்கினர் யார் யார் என்று பெயர் சொல்லும் பழைய உரைக்குறிப்பு ஒன்று கிடைத்திருக்கிறது, அதில் அப்பலோனியஸ் பெயர் இல்லை. அவருடைய ஆர்கோ கப்பல் காவியமும் நாலே புத்தகம், ஆறாயிரம் அடிக்குள். வழிநெடுக 'இந்த ஊருக்கு ஏன் இந்த வழக்கம்' என்ற கதைகள். குருவைப் பகைத்தவர் அப்படி எழுதுவாரா? இந்தச் சண்டையை நான் ஏற்கவில்லை. அவரைத்தான் திட்டியது என்று சொல்லப்படும் 'இபிஸ்' என்ற வசைப்பாட்டை கல்லிமாக்கஸ் எழுதியது மட்டும் உண்மை. அதுவும் தொலைந்துவிட்டது.

கேள்வி: பாதிக்குமேல் தொலைந்த ஒரு கவிஞருக்கு இவ்வளவு பெயர் எப்படி நிலைத்தது? — மாணவர், நிலாவெளி

முதலில் ரோமாபுரி. மூன்றாம் தொலமி சிரியாவில் போருக்குப் போனபோது, அரசி பெரெனிகே அவன் திரும்பி வர நேர்ந்து கூந்தலில் ஒரு கற்றையை அரிந்து கோயிலில் வைத்தாள். கற்றை காணாமற்போனது. கொனோன் என்ற வானியலாளர் அது வானத்தில் விண்மீனாக இருக்கிறது என்றார். கல்லிமாக்கஸ் அந்தக் கூந்தலையே பேசவைத்துப் பாடினார். கத்துல்லஸ் என்ற ரோமக் கவிஞர் அதை இலத்தீனுக்குக் கொண்டுவந்தார். புரொப்பெர்தியஸ் தன்னை ரோமாபுரியின் கல்லிமாக்கஸ் என்றே சொல்லிக்கொண்டார். வேர்ஜில் மெலிந்த பாட்டைப் பற்றிய அப்பலோவின் அறிவுரையைத் தன் ஆயர் பாட்டில் எடுத்து வைத்தார். ஓவிட், "பிறவித் திறமையில் வல்லவனல்லன், கலையில் வல்லவன்" என்று தீர்ப்புச் சொன்னார். அந்தத் தீர்ப்பு ஓவிட்டுக்கு அழகல்ல. ஹெராக்ளிட்டசுக்கு அழுத ஆறடியைக் கலை மட்டும் எழுதித் தந்துவிடாது.

பிறகு எகிப்து மணல். தெல்கினருக்குச் சொன்ன மறுமொழி ஒக்சிரிங்கஸ் பப்பைரஸிலிருந்து 1927இல்தான் அச்சுக்கு வந்தது. ஜேர்மனியிலிருந்து வெளியேறி ஒக்ஸ்போட் சென்ற ருடோல்ஃப் ஃபைஃபர் என்ற அறிஞர் துண்டுகளையெல்லாம் ஒழுங்குசெய்து 1949இலும் 1953இலும் இரண்டு தொகுதிகளாகப் பதித்தார். எங்கள் ஏடுகளுக்கு சி. வை. தாமோதரம்பிள்ளையும் உ. வே. சாமிநாதையரும் பட்ட பாட்டை அறிந்தவர்கள் ஃபைஃபருக்கும் ஒரு கும்பிடு போடலாம்.

அந்தக் கூந்தல் இன்றும் வானத்தில் இருக்கிறது. நீங்கள் நிலாவெளிக்காரர், சித்திரை, வைகாசியில் கடல் அமைதியாக இருக்கும்போது இரவு ஒன்பது மணியளவில் கரைக்குப் போங்கள். நிலவில்லாத நாளாக இருக்கட்டும். உத்தர நட்சத்திரத்துக்கும் சுவாதிக்கும் இடையில், உத்தரத்துக்குக் கிட்டவாகச் சற்று வடக்கே, மங்கலான பொடி மீன்கள் கொஞ்சம் சேர்ந்து தெரியும். விடுதி வெளிச்சத்திலிருந்து விலகி நின்று பத்து நிமிசம் கண்ணைப் பழக்கினால்தான் பிடிபடும்.

கேள்வி: இவர் வெறும் பண்டிதரா? சிரிப்பாரா? எதிலிருந்து வாசிக்கத் தொடங்கலாம்? — வாசகி, உப்புவெளி

சிரிப்பார். தன் கல்லறைக்கென்று எழுதியதில், பாட்டிலும் வல்லவன், மது வேளையில் பொருத்தமாகச் சிரிப்பதிலும் வல்லவன் என்று தன்னைச் சொல்கிறார். அந்தப் பாட்டில் அவர் பெயர் இல்லை, 'பத்தசின் மகன்' என்று மட்டும் வருகிறது. தகப்பனின் கல்லறைக்கு எழுதியதில் தகப்பன் பெயர் இல்லை. கல்லிமாக்கசின் மகனும் கல்லிமாக்கசின் தந்தையும் நான் என்று கல் பேசுகிறது. பாட்டன் படை நடத்தினார், பேரன் பொறாமைக்கு எட்டாத பாட்டுப் பாடினான் என்கிறது. இரண்டு கல்லையும் வாசித்தவருக்கே தகப்பன் பெயரும் மகன் பெயரும் சேர்ந்து கிடைக்கும். நூலகத்தில் ஓர் ஏட்டிலிருந்து அடுத்த ஏட்டுக்கு ஆளை அனுப்பிப் பழகியவர் கல்லறைக்கும் அப்படியே செய்துவிட்டார்.

தொடங்குவதற்கு இந்தச் சிறு பாட்டுகள் நல்லவை, அறுபதுக்குமேல் இருக்கின்றன. அடுத்ததாக தெமீற்றர் துதி. எரிசிக்தோன் என்ற பணக்கார வீட்டுப் பையன் தெய்வத்தின் சோலையில் மரம் வெட்டி, தீராப் பசி என்ற சாபம் வாங்குகிறான். வீட்டிலுள்ள மாடு, கோவேறு கழுதை, பந்தயக் குதிரை எல்லாம் தின்று தீர்க்கிறான். ஊரார் விருந்துக்கு அழைக்க வருகிறார்கள். தாய் வாசலில் நின்று ஒவ்வொருவருக்கும் ஒவ்வொரு சாட்டுச் சொல்கிறாள்: அவன் ஊரில் இல்லை, கிரனோனுக்கு நூறு மாட்டுக் கடன் வசூலிக்கப் போய்விட்டான், காட்டுப்பன்றி குத்திப் படுக்கையில் கிடக்கிறான், தேரிலிருந்து விழுந்துவிட்டான், ஒத்ரிஸ் மலையில் ஆட்டுமந்தை எண்ணுகிறான். உள்ளே அவன் தின்றுகொண்டிருக்கிறான். குடிகாரப் பிள்ளையை ஊர்வாயிலிருந்து மறைக்கிற தாய்மாரை இந்த ஒழுங்கையில் நீங்களும் நானும் பார்த்திருக்கிறோம். தெய்வத் துதியின் நடுவில் இப்படி ஒரு வீட்டைக் கொண்டுவந்து வைக்க அவரால் முடிந்தது. முதல் வாசிப்பில் தெய்வப் பெயர்களும் ஊர்ப் பெயர்களும் தடுக்கினால் தாண்டிப் போங்கள், தாயின் சாட்டுகள் வருகிற பகுதியை மட்டும் வாய்விட்டு வாசியுங்கள். சியூஸ் துதியைக் கடைசிக்கு வையுங்கள், அது கொஞ்சம் கடினம்.